கடையில் 'ஆக்டிவேட்' செய்து தரும் விண்டோஸ்: உள்ளே நடப்பது என்ன, வேறு வழி என்ன?

விண்டோஸ் 10-க்குக் கொடுத்துவந்த ஆதரவை மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு நிறுத்திக்கொண்டது. டர்பன், பீட்டர்மாரிட்ஸ்பர்க், லெனேசியா என்று தென்னாப்பிரிக்காவில் நம்மவர்கள் வாழும் ஊர்களில் பழைய லேப்டாப் வைத்திருப்பவர்களுக்கு அடுத்து என்ன செய்வது என்று தெரியவில்லை. புதிது வாங்க எல்லோருக்கும் வசதிப்படாது. பழையதைக் கடைக்குக் கொண்டுபோனால், "ஃபார்மேட் பண்ணி, விண்டோஸ் 11 போட்டு, ஆஃபீஸும் சேர்த்து ஆக்டிவேட் பண்ணித் தருகிறோம்" என்று சில நூறு ராண்டுக்கு முடித்துக் கொடுக்கிறார்கள். மாலையில் லேப்டாப் வீட்டுக்கு வந்துவிடுகிறது. எல்லாம் ஓடுகிறது. அந்தக் கூலிக்குள் இரண்டு மென்பொருள்களின் உரிமமும் எப்படி அடங்கியது என்று கேட்பவர்கள் குறைவு.

பல சமயம் உரிமம் வாங்கப்படுவதே இல்லை. வாங்கியதுபோல் கணினியை நம்பவைக்கும் ஒரு சிறு மென்பொருளை ஓட்டிவிடுகிறார்கள். 'ஆக்டிவேட்டர்' எனப்படும் இந்தக் கருவிகள் என்ன செய்கின்றன, பிற்பாடு என்ன ஆகும், இவை இல்லாமல் எப்படிச் சமாளிக்கலாம் என்பதை அடிப்படையிலிருந்து பார்ப்போம்.

ஆக்டிவேஷன் எப்படி வேலை செய்கிறது

விண்டோஸை நிறுவுவது ஒரு வேலை. அதைப் பயன்படுத்த உங்களுக்கு உரிமை உண்டு என்று மைக்ரோசாஃப்டின் சர்வரிடம் உறுதி செய்துகொள்வது இன்னொரு வேலை. இரண்டாவதைத்தான் ஆக்டிவேஷன் என்கிறோம். உரிமங்கள் மூன்று வகைப்படும்.

1. ஓஇஎம் உரிமம். கணினியோடு சேர்ந்தே வருவது. விண்டோஸ் 8 காலத்திலிருந்து இதன் கீயை (உரிமத்துக்கான எழுத்து-எண் தொடர்) மதர்போர்டின் ஃபர்ம்வேரிலேயே (அதில் நிரந்தரமாக இருக்கும் மென்பொருளிலேயே) பதித்து அனுப்புகிறார்கள். ஹார்ட் டிஸ்க்கை எத்தனை முறை அழித்தாலும் அந்தக் கீ அழியாது.

2. ரீடெயில் உரிமம். கடையிலோ இணையத்திலோ தனியாக வாங்குவது. பழைய கணினியிலிருந்து எடுத்துப் புதியதுக்கு மாற்றிக்கொள்ளலாம்.

3. வால்யூம் உரிமம். நூற்றுக்கணக்கில் கணினி வைத்திருக்கும் நிறுவனங்களுக்கும் பல்கலைக்கழகங்களுக்கும் உரியது.

கள்ளக் கருவிகளில் பல இந்த மூன்றாவது வகையைத்தான் பிடித்துக்கொள்கின்றன. ஒரு பெரிய நிறுவனம் தன் கட்டடத்துக்குள் கேஎம்எஸ் என்ற ஆக்டிவேஷன் சர்வர் ஒன்றை வைத்துக்கொள்ளலாம். ஊழியர்களின் கணினிகள் மைக்ரோசாஃப்டைத் தேடிப் போகாமல் அதனிடமே அனுமதி வாங்கிக்கொள்ளும். குறைந்தது 25 விண்டோஸ் கணினிகள் கேட்டால்தான் அந்த சர்வர் அனுமதி தர ஆரம்பிக்கும். ஆஃபீஸுக்கு 5 போதும். அனுமதி 180 நாள் செல்லும். கணினி 7 நாளைக்கு ஒருமுறை சர்வரோடு பேசி அதைப் புதுப்பித்துக்கொள்ளும்.

இந்த வகைக் கள்ளக் கருவி இரண்டில் ஒன்றைச் செய்கிறது. ஒன்று, உங்கள் கணினிக்குள்ளேயே பொய்யான கேஎம்எஸ் சர்வரை ஓடவிடுகிறது. அல்லது, இணையத்தில் யாரோ ஒருவர் நடத்தும் கேஎம்எஸ் சர்வரோடு உங்கள் கணினியைக் கோத்துவிடுகிறது. இரண்டிலும் புதுப்பித்தல் தொடர்ந்து நடந்தாக வேண்டும். ஆகவே கருவி ஒருமுறை ஓடிவிட்டுப் போய்விடுவதில்லை. பின்னணியில் ஒரு சர்வீஸாகவோ, நேரம் குறித்துவைத்த வேலையாகவோ அங்கேயே தங்கிவிடுகிறது. வெளி சர்வர் என்றால், உங்கள் கணினியின் பெயரும் ஐபி முகவரியும் முன்பின் தெரியாத ஒருவரிடம் வாராவாரம் போய்ச் சேர்கின்றன.

உங்கள் கணினியில் இருப்பது எது?

இதைப் பார்க்க ஒரு நிமிடம் போதும். செட்டிங்ஸ் திறந்து, சிஸ்டம், அப்புறம் ஆக்டிவேஷன் என்று போங்கள். விண்டோஸ் 10-இல் இது 'அப்டேட் அண்ட் செக்யூரிட்டி'யின் கீழ் இருக்கும். 'டிஜிட்டல் லைசென்ஸ்' மூலம் ஆக்டிவேட் ஆகியிருப்பதாகச் சொன்னால் அது கேஎம்எஸ் அல்ல; ஆனாலும் உரிமம் முறையானது என்பதற்கு அது மட்டுமே உறுதி ஆகாது. 'உங்கள் நிறுவனத்தின் ஆக்டிவேஷன் சர்வீஸ் மூலம்' என்ற பொருளில் ஆங்கிலத்தில் ஒரு வரி இருந்தால் அது கேஎம்எஸ். வேலை செய்யும் கம்பெனி கொடுத்த லேப்டாப்பில் அந்த வரி இருப்பது இயல்பு. சொந்தக் காசில் வாங்கி வீட்டில் வைத்திருக்கும் கணினியில், கோயில் அலுவலக மேசையில் இருக்கும் கணினியில் அது இருந்தால், அந்த 'நிறுவனம்' எது என்று விசாரிக்க வேண்டியிருக்கிறது.

வேறொரு இடத்தையும் பாருங்கள். விண்டோஸ் செக்யூரிட்டியில், வைரஸ் பாதுகாப்பு அமைப்புகளின் அடியில் 'எக்ஸ்க்ளூஷன்ஸ்' என்று ஒரு பட்டியல் உண்டு. விண்டோஸோடு வரும் ஆன்டிவைரஸான டிஃபெண்டர் சோதிக்காமல் விட்டுவிட வேண்டிய ஃபோல்டர்கள் அதில் இருக்கும். சாதாரண வீட்டுக் கணினியில் அது காலியாக இருக்க வேண்டும். சி டிரைவ் முழுவதுமோ, பெயர் தெரியாத ஃபோல்டரோ அங்கே இருந்தால், நீங்களோ உங்கள் அனுமதியோடு வேறு யாரோ சேர்த்திருக்க வேண்டும். இல்லையென்றால் ஏதோ ஒரு மென்பொருள் தானாகச் சேர்த்திருக்கிறது.

ஆபத்து எங்கே இருக்கிறது

மைக்ரோசாஃப்ட் கண்டுபிடித்து விண்டோஸை முடக்கிவிடும் என்பதுதான் பலருக்கும் பயம். அது உண்மையில் சின்ன விஷயம். பெரிய ஆபத்து, கருவியை ஓட்டும் முறையிலேயே இருக்கிறது. இந்தக் கருவிகளோடு வரும் குறிப்புகளில் வழக்கமாக இரண்டு வரிகள் இருக்கும்: ஆன்டிவைரஸை நிறுத்திவிடுங்கள்; அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டுங்கள். காவல்காரரை வெளியே அனுப்பிவிட்டு உண்டியல் சாவியை வழிப்போக்கரிடம் கொடுப்பதற்கு இது சமம். அட்மினிஸ்ட்ரேட்டர் அனுமதி பெற்ற நிரலால் எந்தக் கோப்பையும் படிக்கவும், எதை வேண்டுமானாலும் நிறுவவும், தன் தடத்தை மறைக்கவும் முடியும்.

இதற்கு ஒரு பதில் சொல்வார்கள்: "டிஃபெண்டர் எல்லா ஆக்டிவேட்டரையும் வைரஸ் என்றுதான் காட்டும், கண்டுகொள்ள வேண்டாம்." பாதி உண்மைதான். கூடவே வேறு தீங்கு எதுவும் வராத கருவியைக்கூட டிஃபெண்டர் 'ஹேக்டூல்' என்று பிடித்து நிறுத்தும். சிக்கலும் அதிலேயே இருக்கிறது. நிஜமான வைரஸ் கலந்த கருவிக்கும் கலக்காததற்கும் வரும் எச்சரிக்கை ஏறக்குறைய ஒன்றுபோல் இருப்பதால், எச்சரிக்கையை அலட்சியம் செய்ய மக்கள் பழகிவிடுகிறார்கள். தீய நிரல் எழுதுபவர்களுக்கு வேண்டியதும் அந்தப் பழக்கம்தான். தன் கையாலேயே பாதுகாப்பை அணைக்கத் தயாராக இருக்கும் ஆள் அவர்களுக்கு வேறு எங்கே கிடைப்பார்?

கடந்த சில ஆண்டுகளில் வெளிவந்த மூன்று நிகழ்வுகளைச் சொல்லலாம்.

1. 2021 டிசம்பரில், ரெட் கேனரி என்ற பாதுகாப்பு நிறுவனம் கேஎம்எஸ்பிகோ என்ற ஆக்டிவேட்டரின் போலி நிறுவிகளைப் பற்றி எழுதியது. ஆக்டிவேட்டரைத் தேடி வந்தவர்களின் கணினியில் கிரிப்ட்பாட் என்ற தகவல் திருடும் நிரலும் சேர்ந்து நிறுவப்பட்டது.

2. ரஷ்ய ராணுவ உளவுத்துறையோடு தொடர்புடைய சேண்ட்வோர்ம் குழு, உக்ரைனியர்களைக் குறிவைத்து நஞ்சு கலந்த கேஎம்எஸ் ஆக்டிவேட்டர்களைப் பரப்பியதை எக்லெக்டிக்ஐக்யூ என்ற பாதுகாப்பு நிறுவனத்தின் ஆய்வாளர்கள் 2025 பிப்ரவரியில் வெளியிட்டார்கள். உரிமம் இல்லாத விண்டோஸ் ஒரு நாட்டில் பரவலாக இருந்தால், எதிரி நாட்டுக்கு அதுவே நுழைவாயில்.

3. கேஎம்எஸ்ஆட்டோ என்ற ஆக்டிவேட்டரின் பெயரில் தீய நிரலைப் பரப்பிய வழக்கில் லித்துவேனியாவைச் சேர்ந்த ஒருவரை ஜார்ஜியாவிலிருந்து தென்கொரியாவுக்குக் கொண்டுவந்ததாக அந்நாட்டுக் காவல்துறை 2025 டிசம்பரில் அறிவித்தது. உலகம் முழுவதும் சுமார் 28 லட்சம் முறை அது பரப்பப்பட்டதாகக் கணக்கு. கிரிப்டோ பணம் அனுப்புவதற்காக நீங்கள் ஒரு முகவரியை காப்பி செய்து பேஸ்ட் செய்தால், நடுவில் அதைத் திருடனின் முகவரியாக மாற்றிவிடுவதுதான் அந்த நிரலின் வேலை.

கருவியை எழுதியவர் நல்லவராகவே இருக்கலாம். ஆனால் அதே பெயரில், அதே படத்தோடு, ஓர் எழுத்து மட்டும் மாறிய முகவரியில் பத்துப் பேர் கடை விரித்திருப்பார்கள். கடைப் பையன் தன் யுஎஸ்பியில் வைத்திருப்பது எவருடையது என்று அவனுக்கே தெரியாது.

என்ன திருடுபோகிறது

இப்போது பரவலாக இருப்பவை தகவல் திருடிகள். கணினியை முடக்குவதில் இவற்றுக்கு அக்கறை இல்லை. சத்தமில்லாமல் சில நிமிடங்களில் வேலையை முடித்துவிடும். உலாவியில் சேமித்த கடவுச்சொற்கள், கார்டு விவரங்கள், டெஸ்க்டாப்பில் இருக்கும் பிடிஎஃப்கள், இவற்றோடு குக்கீக்களும் போகும்.

குக்கீ விஷயத்தைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். நீங்கள் ஒருமுறை கடவுச்சொல்லும் ஓடிபியும் கொடுத்து ஜிமெயிலில் நுழைந்த பிறகு, நாளைக்கு மீண்டும் கேட்காமல் இருப்பதற்காக உலாவியில் ஓர் அடையாளச் சீட்டு வைக்கப்படுகிறது. அந்தச் சீட்டை எடுத்துத் தன் கணினியில் வைத்துக்கொள்பவன், பெரும்பாலான தளங்களில் நீங்களாகவே நுழைந்துவிடலாம். கடவுச்சொல் தேவையில்லை, ஓடிபியும் தேவையில்லை. "எனக்கு ஓடிபி இருக்கிறதே" என்று நம்பியிருப்பவர்கள் ஏமாறுவது இங்கேதான்.

மின்னஞ்சல் போனால் மற்றதெல்லாம் அதன் பின்னாலேயே போகும். நம் நாட்டில் வருவாய்த் துறையான சார்ஸின் இ-ஃபைலிங் (இணைய வரித் தாக்கல்) கணக்கைக் கைப்பற்றி, திரும்பி வரவேண்டிய வரிப்பணத்தை வேறு வங்கிக் கணக்குக்கு மாற்றும் மோசடி, வரி செலுத்துவோரின் புகார்களை விசாரிக்கும் டாக்ஸ் ஓம்பட் அலுவலகமே தனியாக ஆராயும் அளவுக்கு வளர்ந்திருக்கிறது. அந்த மோசடிக்கு வழிகள் பல உண்டு. திருடிய மின்னஞ்சலும் ஐடி எண்ணும் கையில் இருந்தால் வேலை சுலபம். ஐடி புத்தகத்தின் ஸ்கேன், வங்கி ஸ்டேட்மென்ட், பேஸ்லிப் ஆகிய மூன்றையும் ஒரே ஃபோல்டரில் வைத்திருப்பது நம் வீடுகளில் சகஜம். கடன் விண்ணப்பத்துக்குக் கேட்கும் ஆவணங்களும் ஏறக்குறைய இவையேதான்.

சட்டம் என்ன சொல்கிறது

தென்னாப்பிரிக்காவின் 1978-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரல்களையும் பாதுகாக்கிறது. வீட்டில் ஒரு கணினி வைத்திருப்பவரின் கதவைப் போலீஸ் தட்டும் என்று சொல்லி யாரையும் பயமுறுத்த விரும்பவில்லை. உரிமையாளர்கள் துரத்துவது பெரும்பாலும் வணிகங்களையும், விற்றுக் காசு பார்ப்பவர்களையும்தான்.

என் கவலை நம் அமைப்புகளைப் பற்றியது. போப்பியா என்று நாம் சொல்லும் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம் 2021 ஜூலை 1 முதல் முழுமையாக அமலில் இருக்கிறது. சொந்த வீட்டு உபயோகத்துக்கு அது பொருந்தாது. கோயில் கமிட்டி, தமிழ்ப் பள்ளி, ஈமக்கிரியைச் சங்கம், கணக்கு எழுதும் சிறு அலுவலகம் எல்லாம் அதற்குள் வந்துவிடும். அதிலும் ஒருவரின் மத நம்பிக்கையைக் காட்டும் தகவலையும் குழந்தைகளின் தகவலையும் சட்டம் தனியாக, கூடுதல் கண்டிப்போடு நடத்துகிறது. கோயில் உறுப்பினர் பட்டியல் முதல் வகை. சனிக்கிழமை வகுப்புக்கு வரும் பிள்ளைகளின் பெயர்ப் பட்டியல் இரண்டாவது வகை. இவை இரண்டும் யாரோ நல்ல மனதோடு கொடுத்த பழைய லேப்டாப்பில், கடவுச்சொல்கூட இல்லாத எக்ஸெல் கோப்பாகக் கிடப்பது வழக்கம்.

நியாயமான பாதுகாப்பு ஏற்பாடுகளைச் செய்ய வேண்டும் என்கிறது சட்டத்தின் 19-ஆம் பிரிவு. அதை, இந்தச் சட்டத்தை அமல்படுத்தும் இன்ஃபர்மேஷன் ரெகுலேட்டர் எப்படிப் பார்க்கிறார் என்பதற்கு ஓர் உதாரணம் இருக்கிறது. 2021 செப்டம்பரில் நீதித் துறையின் கணினிகள் ரேன்சம்வேர் (கோப்புகளைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும் நிரல்) தாக்குதலில் சிக்கின. விசாரித்தபோது, ஆன்டிவைரஸ் உள்ளிட்ட பாதுகாப்பு மென்பொருள்களின் உரிமங்கள் 2020-லேயே காலாவதியாகியும் புதுப்பிக்கப்படவில்லை என்று தெரிந்தது. சரிசெய்யச் சொல்லி அனுப்பிய உத்தரவையும் துறை நிறைவேற்றாததால், 2023 ஜூலையில் 50 லட்சம் ராண்ட் அபராதம் விதித்தார்கள். உரிமத்தைப் புதுப்பிக்க மறந்ததற்கே அரசுத் துறைக்கு இந்த நிலை. டிஃபெண்டரை வேண்டுமென்றே அணைத்துவிட்டுக் கள்ளக் கருவியை ஓட்டிய ஒரு கமிட்டி, 'நியாயமான பாதுகாப்பு' செய்தோம் என்று எப்படி வாதாடும்? சட்டப்படி அபராதத்தின் உச்சவரம்பு 1 கோடி ராண்ட்.

மலிவு விலைக் கீகள்

ஆக்டிவேட்டர் வேண்டாம் என்று முடிவு செய்தவர்கள் அடுத்து விழும் குழி இது. முறையான விலையில் பத்தில் ஒரு பங்குக்கும் கீழே விற்கப்படும் கீகளில் பல, ஏதோ ஒரு நிறுவனத்தின் வால்யூம் கீ வெளியே கசிந்தவை, அல்லது திருட்டுக் கார்டில் வாங்கியவை. முதலில் வேலை செய்யும். மைக்ரோசாஃப்ட் கீயை முடக்கும் நாளில் நின்றுவிடும். கள்ளக் கருவியைப் போல் கணினிக்குள் எதையும் நுழைப்பதில்லை என்பதால் அபாயம் குறைவுதான். ஆனாலும் பணம் கொடுத்து உரிமம் வாங்கியதாக ஆகாது.

அப்படியானால் என்ன செய்யலாம்?

1. முதலில் உங்களிடம் ஏற்கெனவே உரிமம் இருக்கிறதா என்று பாருங்கள். லேப்டாப் புதிதாக விற்கப்பட்டபோது விண்டோஸ் 10 அல்லது 11-உடன் வந்திருந்தால் உரிமம் மதர்போர்டிலேயே இருக்கும். பெரிய நிறுவனங்கள் கழித்துவிட்டு மறுவிற்பனைக்கு வரும் லெனோவோ, டெல் லேப்டாப்களில் விண்டோஸின் உயர் பதிப்பான ப்ரோவின் உரிமமே இருப்பது சாதாரணம். சில சமயம் கணினி ஹோம் (சாதாரணப் பதிப்பு) உரிமத்தோடு இருக்க, கடைக்காரர் ப்ரோவைப் போட்டுக் கள்ளக் கருவியை ஓட்டியிருப்பார். அதே கணினியில் ஹோம் பதிப்பை முறையாக நிறுவி இணையத்தில் இணைத்தாலே தானாக ஆக்டிவேட் ஆகிவிடும். காசு கொடுத்து வாங்கிய உரிமம் உள்ளே தூங்கிக்கொண்டிருக்க, மேலே திருட்டு உரிமம் ஓடுவது எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது.

2. உரிமம் இல்லையா? ஆக்டிவேட் செய்யாத விண்டோஸ்கூட, கள்ளமாக ஆக்டிவேட் செய்ததைவிடப் பாதுகாப்பானது. திரையின் வலது மூலையில் மங்கலாக ஒரு வாசகம் நிற்கும், வால்பேப்பர் மாற்ற விடாது. பாதுகாப்பு அப்டேட்டுகள் வந்துகொண்டுதான் இருக்கும். உரிம விதிப்படி இது நிரந்தர ஏற்பாடாக முடியாது. காசு சேரும்வரை பல்லைக் கடித்துக்கொள்ளலாம்.

3. விண்டோஸ் 10-இலேயே இருப்பவர்களுக்கு, பாதுகாப்பு அப்டேட்டுகளை 2026 அக்டோபர் 13 வரை நீட்டிக்கும் இஎஸ்யூ திட்டம் இருக்கிறது. மைக்ரோசாஃப்ட் கணக்கில் நுழைந்து செட்டிங்ஸை பேக்கப் செய்ய ஒப்புக்கொண்டால் தனிநபர்களுக்குக் காசு இல்லை. விண்டோஸ் அப்டேட் பக்கத்திலேயே அதற்கான இணைப்பு உண்டு. விண்டோஸ் 11 கேட்கும் பாதுகாப்புச் சில்லான டிபிஎம் 2.0 இல்லாத பழைய கணினியில் அதைத் திணிப்பதைவிட இது மேல்.

4. ஆஃபீஸ் மட்டும்தான் தேவை என்றால் லிப்ரெஆஃபீஸ் போதும். வேர்ட், எக்ஸெல் கோப்புகளைத் திறக்கும். மெனுக்களைத் தமிழிலும் வைத்துக்கொள்ளலாம். சிக்கலான மேக்ரோக்கள் (கோப்புக்குள் தானாக ஓடும் கட்டளைத் தொடர்கள்) மட்டும் இடறும். வேர்டே வேண்டும் என்பவர்கள் உலாவியில் இலவச மைக்ரோசாஃப்ட் 365-ஐப் பயன்படுத்தலாம்.

5. பழைய கணினிக்கு லினக்ஸ்: விண்டோஸுக்குப் பதிலாக ஓடும் இலவச இயங்குதளம். அதன் ஒரு வகையான உபுண்டுவைத் தொடங்கிய மார்க் ஷட்டில்வொர்த் ஃப்ரீ ஸ்டேட் மாகாணத்தின் வெல்கமில் பிறந்தவர். முதல் பதிப்பு 2004 அக்டோபரில் வந்தது. இன்னும் இலகுவாக வேண்டும் என்றால் லினக்ஸ் மின்ட்டின் எக்ஸ்எஃப்சிஇ பதிப்பு. மின்னஞ்சல், யூடியூப், வங்கித் தளம், வாட்ஸ்அப் வெப் என்று உலாவிக்குள்ளேயே வாழ்பவர்களுக்கு ஒரு குறையும் தெரியாது. யுஎஸ்பியிலிருந்தே ஓட்டிப் பார்த்துவிட்டு அப்புறம் நிறுவலாம். கணக்கு மென்பொருள் போன்ற விண்டோஸுக்கென்றே எழுதிய நிரல்களை நம்பியிருப்பவர்கள் மட்டும் யோசித்து மாற வேண்டும்.

6. காவடித் திருவிழா நோட்டீஸும் கல்யாணப் பத்திரிகையும் செய்பவர்கள் கிராக் செய்த கோரல்டிராவையும் ஃபோட்டோஷாப்பையும் வைத்திருக்கிறார்கள். அவற்றுக்குப் பதிலாக வடிவமைப்புக்கு உதவும் இங்க்ஸ்கேப், கிம்ப், ஸ்கிரைபஸ் மூன்றும் இலவசம். முன்பு காசுக்கு விற்ற அஃபினிட்டியும் 2025 அக்டோபர் முதல் இலவசம். தமிழ் தட்டச்சுக்காகவும் எதையும் கிராக் செய்ய வேண்டியதில்லை: விண்டோஸிலேயே தமிழ் விசைப்பலகைகள் உண்டு, இ-கலப்பையும் என்எச்எம் ரைட்டரும் இலவசமாகவே கிடைக்கின்றன.

7. என்பிஓ-வாக (லாப நோக்கில்லாத அமைப்பாக) பதிவான கோயில்களும் பள்ளிகளும் மைக்ரோசாஃப்ட், கூகுள் இரண்டின் தொண்டு நிறுவனத் திட்டங்களுக்கும் விண்ணப்பித்துப் பார்க்கலாம். ஒவ்வொன்றுக்கும் தகுதி விதிகள் வேறு. பதிவுச் சான்றிதழோடு ஒரு மாலை உட்கார்ந்தால் விண்ணப்பம் முடிந்துவிடும்.

ஏற்கெனவே ஓட்டியாகிவிட்டது என்றால்

கருவியை அன்இன்ஸ்டால் செய்வது போதாது. அதோடு வந்தது எது, தங்கியது எது என்று வெளியிலிருந்து சொல்ல முடியாது. வரிசை முக்கியம்:

1. அந்தக் கணினியை இணையத்திலிருந்து துண்டியுங்கள்.

2. வேறொரு நம்பகமான கணினியிலிருந்தோ ஃபோனிலிருந்தோ மின்னஞ்சல், வங்கி, இ-ஃபைலிங் கடவுச்சொற்களை இதே வரிசையில் மாற்றுங்கள். ஒவ்வொன்றிலும் 'எல்லாச் சாதனங்களிலிருந்தும் வெளியேறு' என்ற வசதியையும் அழுத்துங்கள். திருடுபோன குக்கீ செத்துப்போக அதுதான் வழி. பாதிக்கப்பட்ட கணினியிலேயே மாற்றினால் புதுக் கடவுச்சொல்லும் சேர்ந்து போகும்.

3. ஆவணங்களையும் படங்களையும் மட்டும் வெளி டிஸ்க்கில் எடுத்துக்கொள்ளுங்கள். நிறுவிகள், ஜிப் கோப்புகள் எதுவும் வேண்டாம்.

4. சுத்தமான கணினியில் மைக்ரோசாஃப்டின் தளத்திலிருந்து மீடியா கிரியேஷன் டூலை இறக்கி, 8 ஜிபி யுஎஸ்பியில் விண்டோஸைத் தயார்செய்து, டிஸ்க்கின் பழைய பார்ட்டிஷன்களை (பிரிவுகளை) எல்லாம் அழித்துவிட்டுப் புதிதாக நிறுவுங்கள். திரும்பக் கொண்டுவரும் கோப்புகளைத் திறப்பதற்கு முன் டிஃபெண்டரால் சோதியுங்கள்.

5. ஐடி ஸ்கேன் அந்தக் கணினியில் இருந்ததா? சதர்ன் ஆஃப்ரிக்கன் ஃப்ராடு ப்ரிவென்ஷன் சர்வீஸிடம் ப்ரொடெக்டிவ் ரெஜிஸ்ட்ரேஷன் செய்துகொள்ளுங்கள்; கட்டணம் இல்லை. உங்கள் பெயரில் கடன் கேட்டு விண்ணப்பம் வந்தால் கூடுதலாகச் சரிபார்க்கும்படி வங்கிகளுக்கு அது எச்சரிக்கை காட்டும். ஆண்டுக்கு ஒருமுறை இலவசமாகக் கிடைக்கும் கிரெடிட் அறிக்கையையும் எடுத்துப் பாருங்கள்.

6. அது கோயிலுடையதோ பள்ளியுடையதோ என்றால், கமிட்டிக்குள் பேசி மூடிவிடக் கூடாது. தகவல் வேறொருவர் கைக்குப் போயிருக்கும் என்று நம்பக் காரணம் இருந்தால், ரெகுலேட்டருக்கும் சம்பந்தப்பட்டவர்களுக்கும் கூடிய சீக்கிரம் தெரிவிக்க வேண்டும் என்கிறது போப்பியாவின் 22-ஆம் பிரிவு. என்ன விளைவு வரக்கூடும், அமைப்பு என்ன செய்திருக்கிறது, உறுப்பினர்கள் தங்களைக் காத்துக்கொள்ள என்ன செய்ய வேண்டும் ஆகிய மூன்றும் அந்தக் கடிதத்தில் இருக்க வேண்டும்.